கருவிக்கு ஒருவர், மின்கலத்துக்கு ஒருவர்

லிப்ட்காரர் வீட்டுக் குளியலறையில் ஒரு கைப்பிடிக் கம்பி மாட்ட வேண்டியிருந்தது. சுவரில் நாலு ஓட்டை, நாலு ஸ்க்ரூ. இதைவிடச் சின்னக் காரியம் தேடினாலும் கிடைக்காது. ஆனால் ஒரு மனிதன் இன்னொரு மனிதனுக்காகச் செய்கிற சின்னக் காரியங்களை யாரும் அஜாக்கிரதையாகச் செய்துவிடக் கூடாது என்பதற்காகச் சில பெரிய கட்டிடங்களைக் கட்டி, உள்ளே மின்விசிறி போட்டு, ஆட்களையும் உட்கார வைத்திருக்கிறார்கள். அவர்களையும் கடவுள்தான் படைத்தார் என்பதை மனதில் வைத்துக்கொண்டே இந்தக் கதையைச் சொல்கிறேன்.

லிப்ட்காரர் ஓய்வு பெறும்வரை ஒரு பல மாடி அலுவலகத்தில் லிப்ட் இயக்கியவர். எட்டுப் பேருக்கு மேல் ஏற்றக் கூடாது என்று உள்ளே எழுதியிருந்தது. அதனால் ஒன்பதாவதாக வந்த முதலாளியை ஒருமுறை படியேறிப் போகச் சொன்னார். எழுதியிருப்பதைப் படிக்கிறவர், படித்தபடி நடக்கிறவர். வேலை செய்த காலமெல்லாம் மனிதர்களுக்கு ஒரு முழம் தள்ளி நின்றும், மாடி எண்ணைத் தவிர வேறொன்றும் அவரிடம் யாரும் பேசியதில்லை. மனைவி போன பிறகு வீட்டில் அதைச் சொல்லவும் ஆளில்லாமல் போயிற்று.

அவருக்கு ஓர் அக்கா. வேறு ஊரில், கணவரை இழந்து, வாடகை வீட்டில் தனியாக இருந்தாள். வீட்டுக்காரர் வீட்டைக் கேட்டுவிட்டார். அக்காவுக்கு முன்னால் இப்போது இரண்டு வழி: தம்பி வீடு, இல்லாவிட்டால் முதியோர் விடுதி. விடுதியில் ஒரு கட்டிலை வெள்ளிக்கிழமை வரை பிடித்து வைப்பதாகச் சொல்லியிருந்தார்கள். தம்பி வீட்டுக்குப் போன தடவை வந்தபோது குளியலறையில் வழுக்கி விழுந்து, முட்டி வீங்கி, அதற்குப் பிறகு அந்தக் குளியலறையின் பேரைக் கேட்டாலே அக்காவுக்குக் கால் நடுங்கும்.

"கம்பி மாட்டிட்டியா?" என்று போனில் கேட்டாள்.

"மாட்டிடறேன்க்கா."

"மாட்டிடறேன், மாட்டிடறேன்னா? உன் பேச்சைப் புடிச்சுக்கிட்டு எந்திரிக்க முடியுமாடா?"

"இந்த வாரம் முடிச்சுடறேன்."

"வெள்ளிக்கிழமை காலைல பஸ் ஸ்டாண்டுக்கு வந்துடுவேன். அங்க ரெண்டு பஸ் நிக்கும். ஒண்ணு உன் ஊருக்கு, ஒண்ணு விடுதிக்கு. எதுல ஏறணும்னு நீ சொல்லு."

லிப்ட்காரர் கம்பி வாங்கி வைத்து வெகு நாளாயிற்று. அது படுக்கையறை மூலையில் காகிதம் சுற்றியபடி, உட்கார இடமில்லாத விருந்தாளி போல நின்றுகொண்டிருந்தது. டிரில் மெஷினையும் அக்காவே பார்சலில் அனுப்பியிருந்தாள். அத்தான் வெளிநாட்டில் வேலை பார்த்தபோது வாங்கியது. வயர் கிடையாது, அடியில் பேட்டரி சொருகும் வகை. சொந்தப் பேட்டரி உப்பிப் போனதால் அதை எப்போதோ தூக்கிப் போட்டிருந்தார்கள்.

ஆனால் லிப்ட்காரரிடம் ஒரு பேட்டரி இருந்தது. மின்வெட்டுக் காலத்துக்கு என்று வாங்கிய ஒரு மேசை விசிறியோடு வந்தது. அதே கம்பெனி, அதே மஞ்சள் நிறம். ஒரே ஒரு வித்தியாசம். விசிறியின் பேட்டரியில் 18 வோல்ட் என்று அச்சிட்டிருந்தது. டிரில் மெஷினில் 20 வோல்ட் என்று இருந்தது. அதற்குக் கீழே, பார்சலில் வரும் கருவிகளில் எல்லாம் மின்கலப் பொருத்த வாரியம் ஒட்டும் சீட்டில், பொடி எழுத்தில்: 'பொருந்தாத மின்கலத்தைப் பொருத்தாதீர்கள். ஐயமிருப்பின் வாரியத்தை அணுகவும்.'

வேறு யாராக இருந்தாலும் ஒரு தட்டுத் தட்டிப் பார்த்திருப்பார்கள். லிப்ட்காரர் பொடி எழுத்தைப் படித்தார். படித்த பிறகு அவரால் படிக்காதவர் போல இருக்க முடியவில்லை. மேலும், வாரிய முத்திரை ஒட்டாத மெஷினால் சுவரில் துளை போடக் கூடாது என்று அவருடைய அடுக்குமாடிக் கட்டிடத்திலும் ஒரு விதி இருந்தது. கீழே வாட்ச்மேன் அதற்கென்றே காது கொடுத்து உட்கார்ந்திருப்பார். தச்சரைக் கூப்பிடலாம் என்றால், ஊரில் முத்திரை வைத்திருந்த ஒரே தச்சர், முத்திரை அழிந்துவிடும் என்று மெஷினைக் கண்ணாடி அலமாரியை விட்டு வெளியே எடுப்பதில்லை.

ஆகவே செவ்வாய்க்கிழமை காலை, ஒரு கையில் மெஷினும் மறு கையில் பேட்டரியுமாக, இரண்டும் தவறித் தொட்டுக்கொள்ளாதபடி கைகளை அகட்டி வைத்துக்கொண்டு, அவர் மின்கலப் பொருத்த வாரியத்துக்குப் போனார்.

வாரியத்தின் பெயர்ப் பலகை வாசலுக்கு மேலே ஒரே ஸ்க்ரூவில் தொங்கிக்கொண்டிருந்தது. மற்ற ஸ்க்ரூக்கள் விழுந்துவிட்டன. அதன் அடியில் கயிறு கட்டி, 'பலகை விழலாம், சுற்றிச் செல்லவும்' என்று ஓர் அட்டை மாட்டியிருந்தார்கள். பலகையை ஏன் சரிசெய்யவில்லை என்று யாரும் கேட்பதில்லை. கேட்டால் சொல்வதற்குப் பதில் தயாராக இருந்தது: வாரியத்தின் சொந்த டிரில் மெஷினுக்கு எந்தப் பேட்டரி பொருந்தும் என்ற மனு வாரியத்தின் பரிசீலனையில் இருக்கிறது.

முகப்பு மேசையில் இருந்தவர் தலை நிமிராமல் கேட்டார்.

"கூட யாரு வந்திருக்கா?"

"யாரும் வரல. நான் மட்டும்தான்."

முகப்புக்காரர் இப்போது நிமிர்ந்தார். "ஒத்தை ஆளா வந்தா எப்படி? கருவி ஒரு கட்டிடம், மின்கலம் ஒரு கட்டிடம். கருவிக்கு ஒருத்தர், மின்கலத்துக்கு ஒருத்தர், ரெண்டு இடத்துலயும் ஒரே நேரத்துல ஆள் இருக்கணும்."

"ஒண்ணை முடிச்சுட்டு இன்னொண்ணுக்குப் போறேனே?"

"நீங்க எந்திரிச்சுப் போனதும் முதல் பொருள் அனாதைப் பொருளாயிடும். அனாதைப் பொருள் கிடங்குக்குப் போயிடும். கிடங்குச் சாவி வேற பிரிவு."

"ரெண்டையும் நானே ஒரே இடத்துல வச்சுக்கிட்டு..."

"ரெண்டும் ஒரே இடத்துல இருந்தா ஒண்ணோட ஒண்ணு சேந்துடாதா? அப்புறம் பொருந்துமா பொருந்தாதான்னு நாங்க எப்படி முடிவு பண்றது?" முகப்புக்காரருடைய குரலில் கோபம் இல்லை, விளங்காதவருக்கு விளக்கும் பொறுமைதான் இருந்தது. "போய் யாரையாவது கூட்டிட்டு வாங்க. பொண்டாட்டி, புள்ள, பங்காளி, பக்கத்து வீட்டுக்காரர், யாரா இருந்தாலும் பரவாயில்ல. யாராவது இருப்பாங்கல்ல?"

லிப்ட்காரர் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து யோசித்தார். பக்கத்து வீட்டில் ஒருவர் இருந்தார். அவருடைய இருமலை லிப்ட்காரருக்கு நன்றாகத் தெரியும், முகம் தெரியாது. பால் பாக்கெட் போடுகிறவர் வாசல் பையில் போட்டுவிட்டு, கதவு திறப்பதற்குள் படியிறங்கிவிடுவார். பழைய அலுவலகத்தில் தினமும் மேலே கொண்டுபோய் இறக்கிவிட்ட ஆட்கள் ஆயிரம் பேர் இருப்பார்கள். அவர்களில் யாரிடமாவது போய், என் பேட்டரிக்குத் துணையாகக் கொஞ்சம் உட்காருங்கள் என்று கேட்கலாமா? அவர்கள் இவரை லிப்டுக்கு வெளியே பார்த்ததே இல்லை. லிப்டுக்கு வெளியே பார்த்தால் யாரென்றே தெரியாது.

அக்காவைக் கூப்பிட்டிருக்கலாம். ஆனால் அக்கா வருவதற்குத்தான் கம்பி. கம்பிக்குத்தான் இந்த மனு.

"தனியாளா?" என்று ஒரு குரல் கேட்டது.

பெஞ்சின் மறுகோடியில் ஓர் அம்மாள் சின்ன மெத்தை போட்டு உட்கார்ந்திருந்தாள். மடியில் ஒரு பழைய நீல நிற டிரில் மெஷின். பக்கத்தில் பிரிக்காத அட்டைப் பெட்டியில் ஒரு புதுப் பேட்டரி.

"ஆமாம்மா."

"நானும்தான். பூட்டுக்கடை வச்சிருக்கேன். கதவுல பூட்டு மாட்ட இது இல்லாம முடியாது. பேட்டரி செத்துப் போச்சு, வேற கம்பெனிப் பேட்டரிதான் கிடைச்சுது. பெட்டியப் பிரிச்சா கடைக்காரன் திருப்பி எடுக்க மாட்டானாம். சேருமா சேராதான்னு கேட்டுட்டுப் பிரிக்கலாம்னு வந்தேன். வந்ததுல இருந்து கூட யாரு, கூட யாருன்னு ஒரே கேள்வி." அவள் மெத்தையைத் தட்டிக் காட்டினாள். "பெஞ்சு குத்துது, இதைக் கொண்டாந்துட்டேன். ஆள்தான் கொண்டுவர முடியல."

லிப்ட்காரர் சிரிக்க மறந்து வெகு நாளாகியிருந்ததால் சிரிப்பு கொஞ்சம் தாமதமாக வந்தது.

"அண்ணே, ஒண்ணு செய்வோம்," என்றாள் பூட்டுக்கடை அம்மாள். "ரெண்டு பேட்டரியையும் நான் தூக்கிட்டு அந்தக் கட்டிடத்துல உக்காரறேன். ரெண்டு மெஷினையும் நீங்க தூக்கிட்டு இந்தக் கட்டிடத்துல உக்காருங்க. உங்களுக்கு நான் ஆளு, எனக்கு நீங்க ஆளு."

"விதியில இடம் இருக்குமா?"

"யாரா இருந்தாலும் பரவாயில்லன்னு அந்த மனுஷனே சொன்னாரே. நாமளும் யாரோதானே?"

மறுநாள் காலை அப்படியே செய்தார்கள். முகப்புக்காரர் இருவரையும் மாறி மாறிப் பார்த்து, "உறவு?" என்று கேட்டார். "உடன் வந்தவங்கன்னு போட்டுக்கோங்க," என்றாள் அம்மாள். முகப்புக்காரர் போட்டுக்கொண்டார்.

கருவிப் பிரிவில் லிப்ட்காரர் இரண்டு மெஷின்களையும் இரண்டு தொடைகளிலும் வைத்துக்கொண்டு காத்திருந்தார். எதிர்ச் சுவரில் ஒரு கடிகாரம் நின்று போயிருந்தது. அதன் பேட்டரிக்கும் பொருத்தம் பார்க்கக் கொடுத்திருந்தார்கள். ஜன்னல் வழியாக முற்றத்துக்கு அப்பால் மின்கலப் பிரிவுக் கட்டிடம் தெரிந்தது. அங்கே ஒரு ஜன்னலில் மெத்தையின் ஓரம் தெரிவது போல இருந்தது. தன் பொருளுக்காக ஒருவர் அங்கே உட்கார்ந்திருக்கிறார் என்ற நினைப்பு அவருக்குப் புதிதாக இருந்தது. அதைத் தொந்தரவு செய்யாமல் அப்படியே வைத்துக்கொண்டார்.

கருவி அலுவலர் மஞ்சள் மெஷினைக் கையில் தொடாமல், பேனாவால் திருப்பிப் பார்த்தார்.

"இது என்ன செய்யும்?"

"ஓட்டை போடும் சார்."

"இப்போ போடுமா?"

"பேட்டரி இல்லையே சார்."

"அப்போ இது ஓட்டை போடும்னு எப்படித் தெரியும்?"

"பேட்டரி போட்டா தெரியும்."

"பேட்டரி போடலாமா கூடாதான்னுதான் நீங்க கேட்டு வந்திருக்கீங்க. இது கருவிதான்னு நிரூபிக்காம அதை நான் பரிசீலிக்க முடியாது." அலுவலர் சற்று நேரம் கூரையைப் பார்த்தார். அவரும் கெட்டவரல்ல. "சரி, ஓட்டை போடும்னு சத்தியம் பண்ணுங்க. போதும்."

லிப்ட்காரர் கண்ணை மூடி, கடவுளே, இது ஓட்டை போட வேண்டும் என்று மனதுக்குள் சொல்லிவிட்டு, "போடும் சார்," என்றார். நீல மெஷினுக்கும் சேர்த்தே சத்தியம் செய்தார். அது அவருடையது இல்லை என்பதால் அதற்குக் கொஞ்சம் கூடுதலாகவே வேண்டிக்கொண்டார்.

மதியம் எழுந்து போகக் கூடாது. போனால் பொருள் அனாதையாகிவிடும். இரண்டு கட்டிடங்களுக்கும் போய்வர அனுமதி பெற்ற ஒரே மனிதர் டீக்காரர். அவர் லிப்ட்காரர் முன்னால் ஒரு டீயும், காகிதத்தில் சுற்றிய பாதி பன்னும் வைத்தார்.

"அந்தக் கட்டிடத்துல ஒரு அம்மா குடுத்தாங்க. மெஷின் அண்ணனுக்குன்னு சொன்னாங்க."

லிப்ட்காரர் பன்னைச் சாப்பிட அதிக நேரம் எடுத்துக்கொண்டார். அவருக்கென்று யாராவது ஒன்றைப் பாதியாகப் பிட்டு எவ்வளவோ காலமாகியிருந்தது.

மாலையில் வோல்ட் நிபுணர் அழைத்தார். அவருடைய மேசையில் வோல்ட் பார்க்கும் மீட்டர் ஒன்று துணியால் மூடி, பூ வைக்காத குறையாக இருந்தது.

"பதினெட்டு, இருபதுன்னு கவலைப்படறீங்க. அப்படித்தானே?" என்று அன்பாக ஆரம்பித்தார். "நல்லாக் கேட்டுக்கோங்க. அந்தப் பேட்டரிக்குள்ள அஞ்சு சின்ன செல் இருக்கு. அப்பதான் சார்ஜ் ஏத்தி எடுத்தீங்கன்னா மொத்தம் இருபது காட்டும். வேலை செய்ய ஆரம்பிச்சா பதினெட்டுக்கு இறங்கி அங்கயே நிக்கும். ஒரு ஊர்ல கம்பெனிக்காரன் முதல் எண்ணை அச்சடிச்சு விக்கறான், இன்னொரு ஊர்ல ரெண்டாவதை அச்சடிச்சு விக்கறான். காலைல குளிச்சுட்டு வர்ற மனுஷனும் சாயங்காலம் வேலை முடிஞ்சு வர்ற மனுஷனும் மாதிரி. ஆள் ஒண்ணுதான்."

லிப்ட்காரருடைய நெஞ்சில் இருந்து ஒரு மாடி இறங்கியது போல இருந்தது. "அப்போ மாட்டலாமா சார்?"

"ஒண்ணுதான்னு சொன்னேன். மாட்டலாம்னு சொல்லலையே."

"நீங்க மீட்டர்ல வச்சுப் பாத்துச் சொன்னா..."

நிபுணருடைய முகம் வாடியது. மீட்டரின் மேலிருந்த துணியை மெல்ல விலக்கி, குழந்தையைக் காட்டுவது போலக் காட்டினார். "இதுக்குள்ளயும் ஒரு பேட்டரி போடணும். எது பொருந்தும்னு வாரியத்துக்கு எழுதியிருக்கேன். நான் வேலைக்குச் சேந்ததுல இருந்து எழுதிட்டிருக்கேன்." துணியை மறுபடி மூடினார். "வீட்டுல எனக்கும் கேக்க ஆளில்ல. அதான் உங்ககிட்ட இவ்வளவு பேசிட்டேன்."

வியாழக்கிழமை வாரியத்தின் ஆண்டு விழா. மனுதாரர்கள் எல்லோரும் முற்றத்தில் கூட வேண்டும். கருவிக்காரர்கள் இடப்புறம், மின்கலக்காரர்கள் வலப்புறம், நடுவில் கயிறு. வாரியத் தலைவர் வயரில்லாத மைக்கைப் பிடித்துப் பேசினார்.

"நண்பர்களே, இந்த வாரியம் வருவதற்கு முன்னால் மக்கள் எப்படி வாழ்ந்தார்கள்? பேட்டரியை எடுத்தார்கள், மாட்டிப் பார்த்தார்கள். சேர்ந்தால் வேலை செய்தார்கள். சேராவிட்டால் கழற்றி வைத்தார்கள். நினைத்தாலே உடம்பு சிலிர்க்கிறது. இன்றைக்கு அந்த அநியாயம் இல்லை. இன்றைக்கு யாரும் எதையும் மாட்டுவதில்லை. தவறான மின்கலத்தால் இந்த ஊரில் ஒரு கருவிகூட எரிந்ததில்லை. சரியான மின்கலத்தால் ஓடியதும் இல்லை, அதை நான் மறைக்க விரும்பவில்லை. சிலர் கேட்கிறார்கள், பொருந்துமா என்பதைப் பொருத்திப் பார்த்தால் தெரிந்துவிடாதா என்று. தெரிந்துவிடும். அதுதான் ஆபத்து. எல்லோருக்கும் தெரிந்துவிட்டால் பிறகு எங்களிடம் யார் வருவார்கள்? எனக்கு இரண்டு பெண்கள் இருக்கிறார்கள். உங்களுடைய ஐயம்தான் எங்கள் அடுப்பு. ஆகவே நாம் எல்லோரும் ஒரே குடும்பம் என்று சொல்லி..."

அந்த இடத்தில் மைக்கின் பேட்டரி தீர்ந்துவிட்டது. மாற்றுப் பேட்டரி மேடையிலேயே இருந்தது. ஆனால் அதற்கு முத்திரை இல்லை. தலைவர் உதட்டை அசைத்துக்கொண்டே இருந்தார். அவருடைய கை உயரும்போதெல்லாம் ஊழியர்கள் கைதட்டினார்கள். லிப்ட்காரர் கயிற்றுக்கு அந்தப் பக்கம் பார்த்தார். பூட்டுக்கடை அம்மாள் மடியில் இரண்டு பேட்டரிகளையும் இரட்டைப் பிள்ளைகளைப் போல அணைத்து வைத்துக்கொண்டு, வாய்க்குள் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள்.

பேச்சு முடிந்து தீர்ப்புகளை வாசித்தார்கள்.

"பூட்டுக்கடை மனு. கருவியில் பதினெட்டு. மின்கலத்தில் பதினெட்டு. பொருந்தும். முத்திரை வழங்கப்படுகிறது." ஊழியர் ஒருவர் வந்து, லிப்ட்காரர் மடியிலிருந்த நீல மெஷினில் முத்திரையை ஒட்டிவிட்டுப் போனார்.

"லிப்ட்காரர் மனு. கருவியில் இருபது. மின்கலத்தில் பதினெட்டு. இருபதில் பதினெட்டு போனால் இரண்டு. இந்த இரண்டு எங்கே போயிற்று என்பதற்கு மனுதாரர் விளக்கம் தரவில்லை. பொருந்தாது."

லிப்ட்காரர் வாழ்க்கையில் முதல்முறையாக ஓர் அலுவலகத்தில் குரல் கொடுத்தார். "சார், ரெண்டும் ஒண்ணுதான்னு நிபுணர் சாரே சொன்னாரு."

"அவர் நிபுணர்," என்றார் வாசித்தவர் பொறுமையாக. "அவர் சொல்றதை வச்சு முடிவு பண்றதா இருந்தா நாங்கல்லாம் எதுக்கு?"

கருவிக்காரர்களை ஒரு வாசல் வழியாகவும் மின்கலக்காரர்களைப் பின்தெரு வாசல் வழியாகவும் அனுப்பினார்கள். லிப்ட்காரர் சுற்றிக்கொண்டு பின்தெருவுக்குப் போய்ப் பார்த்தபோது அங்கே யாரும் இல்லை. இரண்டு மெஷின்களையும் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு நடந்தார்.

வீட்டில் கம்பி மூலையில் நின்றிருந்தது. போனைக் கையில் எடுத்தார். விடுதி பஸ்ஸில் ஏறுக்கா என்ற மூன்று வார்த்தையைச் சொல்ல வேண்டும். எண்ணை அழுத்தவில்லை. விடுதியில் எல்லாக் குளியலறையிலும் கம்பி இருக்கும், பேச ஆள் இருக்கும், அக்காவுக்கு அதுவே நல்லது என்று தனக்கே சொல்லிப் பார்த்தார். சொன்னது உண்மைதான். அதனால்தான் அது அவ்வளவு வலித்தது.

வெயில் சாய்ந்திருந்த நேரம். அழைப்பு மணி அடித்தது. அவருடைய மணி அடித்து எவ்வளவோ நாளாகிவிட்டதால், பக்கத்து வீட்டு மணி என்று நினைத்து உட்கார்ந்தே இருந்தார். மறுபடி அடித்தது.

"அண்ணே, என் மெஷினைத் தூக்கிட்டு வந்துட்டீங்க," என்றாள் வாசலில் பூட்டுக்கடை அம்மாள். கையில் இரண்டு பேட்டரிகள். "மனுச்சீட்டுல விலாசம் இருந்துச்சு. நீங்க தேடுவீங்கன்னு பின்வாசல்ல கொஞ்ச நேரம் நின்னேன். வாசல்ல இருந்த ஆளு கயிறு கட்டணும்னு விரட்டிட்டான்."

"உள்ள வாங்கம்மா," என்று சொல்லிவிட்டு, அந்தச் சொல்லைத் தன் குரலில் கேட்டு லிப்ட்காரரே கொஞ்சம் நின்றார்.

அவள் நீல மெஷினை வாங்கி, அட்டைப் பெட்டியைக் கிழித்து, புதுப் பேட்டரியை அதன் அடியில் வைத்து அழுத்தினாள். போகவில்லை. திருப்பி அழுத்தினாள். பேட்டரியின் பள்ளம் ஓர் இடத்தில், மெஷினின் மேடு வேறோர் இடத்தில். வாரியம் 'பொருந்தும்' என்று தீர்ப்பளித்த இரண்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றன.

"முத்திரை இருக்கு, சேரல," என்றாள். கிழிந்த பெட்டியைப் புரட்டிப் பார்த்தாள். "கடையில ரெண்டு கதவுக்குப் பூட்டு மாட்டித் தர்றேன்னு சொல்லியிருக்கேன். பிரிச்சாச்சு, இனிமே பேட்டரிக் கடைக்காரனும் எடுக்க மாட்டான்." பிறகு தலையைத் தூக்கினாள். "உங்களுதைப் பாத்தீங்களா?"

"பொருந்தாதுன்னு சொல்லிட்டாங்களே."

"என்னுது பொருந்தும்னு சொன்னாங்க. பாத்தீங்கல்ல அழகை."

"எழுதியிருக்கும்மா. பொருந்தாத பேட்டரியப் பொருத்தாதீங்கன்னு."

"பொருந்தலன்னா அது எப்படிண்ணே பொருந்தும்? பொருந்தாததைப் பொருத்த கடவுளாலயே முடியாது."

லிப்ட்காரர் இதை யோசித்தார். எழுதியிருந்ததை இத்தனை நாள் படித்தாரே தவிர, இப்படி ஒரு முறையும் படித்ததில்லை. மஞ்சள் மெஷினை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினார். அம்மாளும் எதற்கும் இருக்கட்டும் என்று ஒரு கண்ணை மூடிக்கொண்டு, பேட்டரியை அடியில் வைத்துத் தள்ளினாள்.

டக்.

விரல் பட்டதும் மெஷின் ஒரு சுற்றுச் சுற்றி நின்றது. இருவரும் வெகு நேரம் அதையே பார்த்தார்கள். செத்தவர் எழுந்து தண்ணீர் கேட்டது போல இருந்தது.

"சத்தியம் பண்ணினேன், ஓட்டை போடும்னு," என்றார் லிப்ட்காரர்.

"முத்திரை?" என்று அவரே அடுத்துக் கேட்டார். "கீழ வாட்ச்மேன் விட மாட்டார்."

அம்மாள் தன் நீல மெஷினிலிருந்து முத்திரையை நகத்தால் நெம்பி எடுத்து, மஞ்சள் மெஷினில் ஒட்டினாள். "எனக்கு இதால ஆகப் போறது ஒண்ணுமில்ல. இதுல யார் பேரும் போடல."

லிப்ட்காரருக்கு அது தப்பா சரியா என்று தெரியவில்லை. தப்பாக இருந்தால் என் கணக்கில் எழுதிக்கொள், அந்த அம்மாள் கணக்கில் வேண்டாம் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டார்.

முதல் ஓட்டை பாதி இறங்குவதற்குள் வாட்ச்மேன் மேலே வந்துவிட்டார். மெஷினை வாங்கி முத்திரையை உற்றுப் பார்த்தார்.

"தலைகீழா ஒட்டியிருக்கே ஐயா."

வாட்ச்மேன் குளியலறையை, காகிதம் பிரித்த கம்பியை, தரையில் விழுந்திருந்த சுவர்த் தூளைப் பார்த்தார்.

"யாருக்கு இது?"

"அக்காவுக்கு. முட்டி சரியில்ல. நாளைக்கு வர்றாங்க."

"முத்திரை இருக்கான்னு பாக்கச் சொன்னாங்க, பாத்துட்டேன்," என்றார் வாட்ச்மேன். "எந்தப் பக்கம் மேலன்னு எனக்கு யாரும் சொல்லித் தரல." தொப்பியைக் கழற்றித் தண்ணீர்த் தொட்டி மேல் வைத்துவிட்டு, கம்பியின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டார். "நீங்க போடுங்க ஐயா, நான் ஆடாம புடிக்கறேன்."

எந்த உயரத்தில் மாட்டுவது என்று யாருக்கும் தெரியவில்லை. பூட்டுக்கடை அம்மாள் குளியலறைக்குள் போய், முட்டி வலிக்கிறவளைப் போல உட்கார்ந்து, எழுந்து, கை தேடிய இடத்தைச் சுவரில் விரலால் காட்டினாள். அந்த இடத்தில் கம்பி ஏறியது. நாலு ஓட்டை, நாலு ஸ்க்ரூ. வாட்ச்மேன் தன் முழுப் பாரத்தையும் அதில் தொங்கவிட்டுப் பார்த்தார். அசையவில்லை.

லிப்ட்காரர் போன் போட்டார்.

"அக்கா, என் ஊர் பஸ்ல ஏறு."

"மாட்டிட்டியா? எவ்வளவு உயரத்துல மாட்டின?"

"எந்திரிக்கும்போது கை போற உயரத்துல."

"என் கை எங்க போகும்னு உனக்கு எப்படிடா தெரியும்?"

"ஒரு அம்மா உக்காந்து எந்திரிச்சுக் காட்டினாங்க."

"அம்மாவா? யாருடா அது?"

லிப்ட்காரர் கூடத்தைப் பார்த்தார். பூட்டுக்கடை அம்மாள் தரையில் உட்கார்ந்து, சேராத தன் பேட்டரியைக் கிழிந்த பெட்டியிலேயே திருப்பி வைத்துக்கொண்டிருந்தாள். வாட்ச்மேன் துடைப்பம் தேடிக்கொண்டிருந்தார்.

"என் கூட வந்தவங்க," என்றார்.

அக்கா வெள்ளிக்கிழமை மதியம் வந்தாள். குளியலறைக்குப் போய் வெகு நேரம் கழித்து வெளியே வந்து, "ஒரு விரக்கடை இறக்கியிருக்கலாம்," என்றாள். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாராவது ஒருவர் ஏதாவது குறை சொல்லிக்கொண்டே இருந்தார்கள். மஞ்சள் மெஷின் பேட்டரியோடு பூட்டுக்கடைக்குக் குடிபோய்விட்டது. அங்கே கதவுகளுக்கு அது தேவையாக இருந்தது.

அது கடைக்குப் போன மறுநாள் காலை, வாரியத்தின் பெயர்ப் பலகை எல்லா ஸ்க்ரூக்களோடும் நேராக நின்றது. விடிவதற்குள் யாரோ மாட்டியிருந்தார்கள். எந்தக் கருவியால், எந்த மின்கலத்தால் மாட்டினார்கள் என்று வாரியம் விசாரணை அமைத்திருக்கிறது. விசாரணை முடியும்வரை கயிறும் அட்டையும் அப்படியே இருக்கும். எல்லோரும் சுற்றித்தான் போக வேண்டும்.

திங்கட்கிழமை லிப்ட்காரர் அக்கா தைத்துக் கொடுத்த ஒரு சின்ன மெத்தையோடு சுற்றிப் போய், வராந்தா பெஞ்சில் உட்கார்ந்தார். முகப்புக்காரர் அவரை அடையாளம் கண்டுகொண்டார்.

"உங்க மனுவுக்குத்தான் தீர்ப்பு சொல்லியாச்சே? மேல்முறையீடா?"

"இல்லீங்க. எனக்கு மனு ஒண்ணும் இல்ல."

"அப்புறம் எதுக்கு வந்திருக்கீங்க?"

லிப்ட்காரர் பதில் சொல்வதற்குள் வாசலில் ஒருவர் வந்து நின்றார். ஒரு கையில் மரம் அறுக்கும் மெஷின், மறு கையில் பேட்டரி, இரண்டும் தொட்டுக்கொள்ளாதபடி அகட்டிய கைகள். முகப்புக்காரர் தலையைக் குனிந்துகொண்டு கேட்டார்.

"கூட யாரு வந்திருக்கா?"

வந்தவர் திரும்பித் தன் பின்னால் பார்த்தார். அங்கே யாரும் இல்லை.

லிப்ட்காரர் எழுந்தார். "நான்தாங்க," என்றார்.